பதினேழாம் எண் வண்டியும் டிக்டிக் அக்காவும்

எங்கள் போக்குவரத்து ஆய்வு நிலையத்தின் இருப்புப் பதிவேட்டில், 'கையால் அழுத்தி எண்ணும் கருவி' என்ற தலைப்பின் கீழ், ஒரே ஆளுக்கு நான்கு கருவிகள் வழங்கியதாக எழுதியிருக்கிறேன். வேறு எவருக்கும் இரண்டுக்கு மேல் கொடுத்ததில்லை. முதல் கருவியின் வில் ஒடிந்தது. இரண்டாவது மழையில் நனைந்து துருப்பிடித்தது. மூன்றாவது கைதவறி விழுந்து ஒரு லாரியின் சக்கரத்தில் அகப்பட்டுத் தகடாகிவிட்டது. அந்தத் தகட்டை ஒரு காகிதத்தில் மடித்துக் கொண்டுவந்து என் மேஜைமேல் வைத்தபோது, "அந்த லாரியைக் கணக்குல சேர்த்தீங்களா?" என்று விளையாட்டாகக் கேட்டேன்.

"அதை முதல்ல போட்டுட்டுத்தான் சார் அழுதேன்" என்றார்.

அவர்தான் டிக்டிக் அக்கா. என்னைவிடப் பதினொரு வயது இளையவர். இருந்தாலும் நிலையத்தின் வாசற்காவலர் முதல் தலைவர் வரை எல்லோருக்கும் அவர் அக்காதான். நானும் அப்படியே கூப்பிட்டேன். கட்டைவிரலால் அவர் அந்தக் கருவியை அழுத்தும் சத்தத்தால் வந்த பெயர் அது. வேலை இல்லாத நேரத்திலும் அந்தக் கட்டைவிரல் சும்மா இருக்காது. வெறும் கையிலேயே அழுத்திக்கொண்டிருக்கும்.

நிலையத்தின் வேலை என்னவென்று இரண்டு வரியில் சொல்லிவிடுகிறேன். ஒரு நகரத்தில் மனிதர்கள் எதில் ஏறி எங்கே போகிறார்கள், அதனால் எவ்வளவு புகை வருகிறது, அதை எப்படிக் குறைப்பது என்று ஆராய்வது. மேல்மாடியில் இருந்த முனைவர்கள் அழகழகாக வளைகோடுகள் வரைவார்கள். அந்தக் கோடுகளுக்கு வேண்டிய எண்கள் மட்டும் மேல்மாடியில் விளைவதில்லை. சாலை முனையில் ஒரு மடக்கு நாற்காலி போட்டு, படிவத்தில் ஐந்துக்கு ஒரு குறுக்குக்கோடு இழுத்து, வெயிலிலும் தூறலிலும் யாராவது எண்ணிக்கொண்டுவர வேண்டும். அப்படி இருபத்தாறு வருடம் எண்ணியவர் அக்கா. அவர் கொண்டுவந்த படிவங்களைக் கூட்டிச் சரிபார்த்து அடுக்கி வைத்தவன் நான்.

எண்ணுவது என்றால் எளிது என்றுதான் எல்லோரும் நினைப்பார்கள். நானும் நினைத்தேன், அவருடைய படிவங்களின் குறிப்புப் பத்தியைப் படிக்கும் வரை. 'கார் ஒன்று, அதைக் கயிறு கட்டி இழுத்துச் சென்ற கார் ஒன்று. ஓடியது ஒன்றே' என்று ஒரு குறிப்பு. 'சைக்கிளைத் தோளில் தூக்கிச் சென்ற ஆள்; நடப்பவர் பத்தியில் சேர்க்கப்பட்டார்' என்று மற்றொன்று. 'குளிர்பதனப் பெட்டியைத் தள்ளுவண்டியில் ஏற்றி, அதன்மேல் மனைவியையும் ஏற்றிச் சென்றவர். பயணி ஒருவர், சரக்கு ஒன்று.' இதைப் படித்துவிட்டு நான் தனியாகச் சிரித்ததைக் கண்டு பக்கத்து மேஜைக்காரர், எனக்கு மேலாடை கழன்றதுபோலப் பார்த்தார்.

அக்காவுக்குக் கல்யாணம் ஆனதும் இந்தக் குறிப்புப் பத்தியால்தான். வேலைக்குச் சேர்ந்த இரண்டாம் வருடம், ஒரு நாற்சந்தியில் சைக்கிள்களை எண்ணிக்கொண்டிருந்தார். ஒரு தையற்காரர் ஒரு மணி நேரத்தில் நான்கு முறை அந்தச் சந்தியைக் கடந்தார். மூன்றாம் நாளும் அப்படியே. அக்கா நாற்காலியை விட்டு எழுந்து, கையை நீட்டி வழிமறித்தார்.

"ஏங்க, உங்களுக்கு வேற வேலை இல்லையா? என் கணக்கு கெடுது."

"வேலை இருக்குங்க. நீங்க என் பக்கம் பார்க்கவே மாட்டேங்கறீங்களே."

"பார்க்காமலா நாலு கோடு போட்டேன்?"

அன்றைய படிவம் இன்றும் பழைய கட்டுக்குள் இருக்கிறது. சைக்கிள் பத்தியில் மூன்று கோடுகளை அடித்துவிட்டு, 'திரும்பத் திரும்ப வருபவர்: ஒருவர்' என்று எழுதியிருக்கிறார். எட்டு மாதத்தில் அந்த ஒருவரையே கட்டிக்கொண்டார்.

தையற்காரரின் வீடு மேட்டுக் குடியிருப்பில். நகரத்தின் வடக்கு ஓரத்தில், இரண்டு கிலோமீட்டர் முந்நூறு மீட்டர் ஏற்றம், பதினொரு வளைவு. அங்கே போய்வர ஒரே ஒரு பேருந்து, எண் பதினேழு. மேலே போகும்போது முக்கும், முனகும். இறங்கும்போது மட்டும் பெருமிதமாக ஹாரன் அடிக்கும். வீட்டில் கணவரின் அக்காவும் உண்டு. பெரிய மருத்துவமனையின் சலவைப் பிரிவில் துணி மடிக்கும் வேலை. வயது ஐம்பத்தெட்டு, இரண்டு முழங்காலும் தனித்தனியாகப் புகார் சொல்லும். காலை ஏழு மணிக்குக் கையெழுத்துப் போட வேண்டுமென்றால் 6.10 வண்டியை விட்டால் வேறு வழியில்லை. அக்காவும் அதே வண்டியில்தான் அலுவலகம் வருவார், மாலை 7.05 வண்டியில் ஏறித் திரும்புவார். நாத்தனாருக்கும் அவருக்கும் வீட்டில் ஆயிரம் சண்டை இருந்தாலும் பேருந்தில் பக்கத்துப் பக்கத்து இருக்கைதான்.

அவர் சேர்ந்து இருபத்திரண்டாம் வருடம் அந்த ஆய்வு வந்தது.

மேல்மாடிக்குப் புதிதாக ஒரு முனைவர் வந்திருந்தார். முப்பத்தொரு வயதுப் பெண். சைக்கிளில்தான் வருவார்; தலைக்கவசம் அழுத்திய தடம் பகல் வரை முடியில் இருக்கும். நகரத்தின் ஒவ்வொரு தடத்திலும் ஓர் ஆளைக் கொண்டுசெல்ல எவ்வளவு புகை ஆகிறது என்று கணக்கிடுவது அவருடைய ஆய்வு. ஆள் நிறைந்த வண்டியில் ஒருவருக்கு விழும் புகை குறைவு. காலி வண்டியில் அதிகம். ஒரு பயணத்துக்குச் சராசரியாக இருபது பேராவது ஏறினால் வண்டி ஓடுவது சுற்றுச்சூழலுக்கு நல்லது. அதற்குக் கீழே போனால் அந்த வண்டியை ஆள் அதிகமுள்ள தொழிற்சாலைத் தடத்துக்கு மாற்றிவிடலாம் என்று பேருந்துக் கழகமும் நிலையமும் ஒப்பந்தம் செய்துகொண்டன. டிக்கெட் விற்றதை வைத்துக் கணக்கிட முடியாது. பாதிப் பேர் மாத பாஸ் வைத்திருப்பவர்கள். ஆகவே, வண்டிக்குள் உட்கார்ந்து தலையை எண்ண வேண்டும்.

பதினேழுக்கு நாளைக்கு எட்டு நடை, நாலு இறக்கம், நாலு ஏற்றம். திங்கள் முதல் சனி வரை ஆறு நாள். ஆக, நாற்பத்தெட்டு நடை. இருபது வீதம் தொள்ளாயிரத்து அறுபது பேர் வேண்டும்.

"டாக்டர், அது நான் குடியிருக்கற இடம். வேற யாரையாவது போடுங்க" என்று அக்கா முதலிலேயே சொல்லிவிட்டார்.

"மத்த ரெண்டு பேரும் துறைமுக ரோட்டுல இருக்காங்கக்கா. ஆளே இல்லை. உங்களை நம்பாம யாரை நம்பறது?"

"நம்பறது வேற. குறிப்புல எழுதிடுறேன்." எழுதினார்: 'எண்ணுபவர் இத்தடத்தில் குடியிருப்பவர்.'

அவர் முனைவரிடம் இன்னொன்றும் சொன்னார். அதற்குச் சில வருடங்களுக்கு முன்பு நான்காம் எண் பேருந்தை இப்படித்தான் நிறுத்தினார்கள். நிறுத்துவதற்கு முன் அந்தச் சாலை முனையில் காலை இரண்டு மணி நேரத்தில் இருசக்கர வாகனங்கள் 212. நிறுத்திய மறுவருடம் 341. இரண்டையும் எண்ணியவர் அவரே. "வண்டி நின்னா புகை நிக்காது டாக்டர். பேருந்துல ஒரே புகையாப் போனது, நூறு சின்னப் புகையாப் பிரிஞ்சு போகும், அவ்வளவுதான்." முனைவர் அந்த எண்களைக் குறித்துக்கொண்டார். ஆனாலும் ஒப்பந்தம் ஒப்பந்தம்தானே. இருபது என்றால் இருபது.

திங்கட்கிழமை அக்கா அலுவலக அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு, பின்வாசலுக்குப் பக்கத்தில் எண்ணுபவர்கள் வழக்கமாக உட்காரும் ஒற்றை பெஞ்சில் உட்கார்ந்தார். எட்டு நடையும் மேலும் கீழுமாகப் போய்வந்தார். மூன்று நாள் அமைதியாகப் போயிற்று. ஆனால் மேட்டுக் குடியிருப்பில் நாற்பத்து மூன்று வீடுதான். அங்கே ஒரு செய்தி ஒளிந்திருக்க இடமில்லை. இருபது பேர் வேண்டும் என்பது புதன்கிழமைக்குள் எல்லோருக்கும் தெரிந்துவிட்டது.

வியாழக்கிழமை நாத்தனாருக்கு வார விடுமுறை. ஐந்தாம் நடைக்கு வண்டி வந்து நின்றபோது, பத்துப் பேரை வரிசையில் நிறுத்தி, தலைமை தாங்கி அவர் ஏறினார். ஒருவர் காலில் செருப்புக்கூட இல்லை. ஒருவர் பாதி முகத்துக்குச் சவர நுரையோடு இருந்தார்.

ஏறுபவரிடம் போகுமிடம் கேட்பது படிவத்தின் ஒரு பகுதி. அக்கா கேட்டார்.

"எங்க போறீங்க அண்ணி?"

"காத்து வாங்க."

"எங்க இறங்குவீங்க?"

"அடுத்த ஸ்டாப்புல. அப்புறம் வரும்போது மறுபடி ஏறுவோம். எல்லாரையும் தனித்தனியா எண்ணு."

"அண்ணி, இது சரியில்லை."

"என்னடி சரியில்லை? டிக்கெட் வாங்கியிருக்கோம். தலை இருக்கு. உன் வேலை தலையை எண்ணுறதுதானே? எண்ணு!"

கண்டக்டர் ஜன்னல் பக்கம் திரும்பிச் சிரிப்பை மென்றார். நுரைக்காரர், "கொஞ்சம் சீக்கிரம் எண்ணுங்கம்மா, காயுது" என்றார்.

அக்கா எண்ணினார். ஐந்தாம் நடையில் பதினொன்று, ஆறாம் நடையில் பன்னிரண்டு, ஏழாம் நடையில் எட்டு. ஆனால் பயணிகள் பத்தியில் அல்ல, குறிப்புப் பத்தியில். 'எண்ணப்படுவதற்காக மட்டும் ஏறியவர்கள்: 31. கூட்டலில் சேர்க்கப்படவில்லை.' நாத்தனார் தோளுக்கு மேலாக எட்டி அதைப் படித்துவிட்டார்.

அன்று மாலை வீட்டில் நடந்ததை அக்காவே பிறகு எனக்குச் சொன்னார். நாத்தனார் இவரோடு பேச்சை நிறுத்திவிட்டு, சுவரோடு பேசினாராம். "மருமகளா வந்தவ குடும்பத்தைக் காப்பாத்துவான்னு பார்த்தா, காகிதத்தைக் காப்பாத்துறா. நாளைக்கு நான் முட்டி தேய நடந்து போகணும். போறேன். எண்ணட்டும், எத்தனை அடின்னு எண்ணட்டும்!"

தையற்காரர் மட்டும் ஊசியில் நூல் கோத்தபடியே, "நான் காதலிச்சு நாலு தடவை சைக்கிள்ல போனதையே ஒண்ணுன்னு எழுதினவ இவ. உன்னை விடுவாளாக்கா?" என்றாராம்.

அடுத்த திங்கள் படிவக் கட்டு என் மேஜைக்கு வந்தது. எப்போதும்போல மேலிருந்து கீழே ஒருமுறையும், கீழிருந்து மேலே ஒருமுறையும் கூட்டினேன். இரண்டு முறையும் 951. சராசரி 19.81. ஒன்பது பேர் குறைவு.

அக்கா எதிரில் நின்றுகொண்டிருந்தார். கட்டைவிரல் தானாக அழுத்திக்கொண்டிருந்தது.

எனக்கு ஒன்று தோன்றியது. "அக்கா, நீங்க தினமும் இந்த 6.10 வண்டியிலதானே வரீங்க? 7.05-லதானே போறீங்க?"

"ஆமா சார்."

"ஆய்வே இல்லைன்னாலும் அந்த ரெண்டு நடையிலயும் நீங்க இருந்திருப்பீங்க. ஆறு நாளைக்குப் பன்னிரண்டு. சேர்த்தா 963. தேறிடுதே."

அவர் என்னைப் பார்த்த பார்வையில், நான் அலுவலகப் பணப்பெட்டியில் கை விட்டவனைப்போல ஆகிவிட்டேன்.

"எண்ணுறவங்களை எண்ணக் கூடாது சார். சேர்ந்த முதல் நாளே சொல்லிக்கொடுத்தது அதான். நானே என்னைப் போட்டுக்கிட்டா, மிச்சம் இருக்கற 951 பேரையும் யார் நம்புவா?"

நியாயம். ஆனால் குறிப்புப் பத்தியில் அந்த 31 என் கண்ணை உறுத்தியது. நிலையத்தின் களப்பணி விதிகளை நான்தான் ஒவ்வொரு வருடமும் படியெடுத்து வைப்பேன். விதி 14: முறையற்ற பதிவுகள் நூற்றுக்கு மூன்றுக்கு மேல் போனால் அந்த வாரக் கணக்கு செல்லாது, வேறு ஆளைக் கொண்டு மறுபடி எடுக்க வேண்டும். ஏறியவர் எல்லோருமாக 982. அதில் 31 என்றால் 3.16.

முனைவரிடம் மாடிக்குப் போய்ச் சொன்னேன். அவர் விதியை இரண்டு முறை படித்துவிட்டு, "அப்போ அந்த முப்பத்தொண்ணை அக்கா எழுதாம விட்டிருந்தா?" என்று கேட்டார்.

"951-ஓட கதை முடிஞ்சிருக்கும்."

"சார், வேற ஆளுக்கு எங்க போறது? நீங்களே போயிட்டு வாங்களேன்."

முப்பத்தைந்து வருடம் பதிவேட்டு அறையை விட்டு நகராதவன், ஐம்பத்தாறு வயதில் களப்பணிக்குப் போனேன். அக்கா அந்த வாரம் முழுவதும் விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டார். தான் அலுவலக ஆளாக அந்த வண்டியின் பக்கமே வரக் கூடாது என்பது அவர் எண்ணம். ஆனால் காலையில் நகரத்தில் அவருக்கு வேலை இருந்தது. தையற்காரருக்கு அந்த வாரம் ஒரு பெரிய ஆர்டர், நூலும் பொத்தானும் வாங்குவதும், துணி கொடுத்து வாங்குவதும் அக்காவின் பொறுப்பு. ஆகவே அதே 6.10, அதே 7.05. விடுப்பில் அலுவலகப் பயண அட்டை செல்லாது என்பதால் டிக்கெட் வாங்கினார்.

திங்கட்கிழமை அந்த ஒற்றை பெஞ்சில் நான் உட்கார்ந்திருந்தேன். அக்கா ஏறினார். இருபத்திரண்டு வருடப் பழக்கம், கால் தானாக அந்த பெஞ்சுக்கு வந்துவிட்டது. என் பக்கத்தில் உட்கார்ந்தார். கையில் கருவி இல்லை, ஆனால் கட்டைவிரல் இருந்ததே! ஒவ்வொரு ஆள் ஏறும்போதும் 'டிக்' என்று நாக்கால் ஒரு சத்தம். நான் ஒரு கோடு போடுவதற்குள் இரண்டு டிக். எனக்குக் கை தடுமாறியது. மாலையிலும் அப்படியே.

செவ்வாய்க்கிழமை காலை சொல்லிவிட்டேன். "அக்கா, கோவிச்சுக்காதீங்க. நீங்க பக்கத்துல இருந்தா என் கணக்கு ஓடாது. முன்னாடி போய் உட்காருங்க."

"டிக்குன்னா ஓடாதா? எனக்கு டிக்குன்னாத்தான் ஓடும்" என்று முணுமுணுத்துக்கொண்டே முன்னால் போய் நாத்தனார் பக்கத்தில் உட்கார்ந்தார். நாத்தனார் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டார். ஆனால் பையைத் தூக்கி மடியில் வைத்து இடம் விட்டார்.

நாத்தனார் அந்த வாரம் புதுக் கொள்கைக்கு மாறியிருந்தார். போன வாரம் ஆள் சேர்த்தவர், இந்த வாரம் சலவை வேலை முடிந்து வந்ததும் நிறுத்தத்தில் காவல் நின்றார். வேலையில்லாதவர் எவரும் ஏறக் கூடாது. ஒரு பெண் மருந்து வாங்கப் போகிறேன் என்றதற்குச் சீட்டைக் காட்டச் சொல்லி வாங்கிப் படித்தார். பழைய நுரைக்காரர் இந்தத் தடவை உண்மையாகவே பல் மருத்துவரிடம் போக வந்தார்.

"வாயைத் திற" என்றார் நாத்தனார்.

"எதுக்குங்க?"

"சொத்தை இருக்கான்னு பார்க்கணும்."

இருந்தது, ஏற விட்டார். அந்த ஆறு நாளில் எத்தனை நிஜப் பயணிகளை அவர் துரத்தியடித்தார் என்பதற்கு என்னிடம் பதிவு இல்லை. அது ஒரு குறைதான்.

சனிக்கிழமை மாலை கடைசி நடை முடிந்தது. அடுத்த திங்கள் காலை பத்து மணிக்குத் தலைவரின் அறையில் கூடினோம். தலைவர், முனைவர், நான். விடுப்பு முடிந்து வந்த அக்கா கதவோரமாக நின்றார். அவருக்கு நாற்காலி போட்டும் உட்காரவில்லை.

நான் படித்தேன். "மொத்தம் 959. சராசரி 19.98."

முனைவர் பேனாவின் மூடியைக் கழற்றி மறுபடி மாட்டினார். தலைவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். நல்ல மனிதர்தான், அவர் கையிலும் ஒன்றுமில்லை. "ஒண்ணுதான் குறையுது. ஆனா ஒண்ணுன்னாலும் குறைதானே. இதுக்கு விட்டுக்கொடுத்தா நாளைக்கு ரெண்டுக்குக் கேப்பாங்க. தொழிற்சாலைத் தடத்துக்கு எழுதிடலாம்" என்றார்.

நான் கதவோரம் பார்த்தேன். அக்காவின் கட்டைவிரல் நின்றிருந்தது. அது நின்று நான் பார்த்ததே இல்லை.

"சார்" என்றார் என்னிடம். "தப்பா நினைக்காதீங்க. திங்கக்கிழமை முதல் வண்டியில எங்க ஸ்டாப்புல ஏழு பேர் ஏறினோம். நீங்க ஆறு எழுதினீங்க."

நான் படிவத்தைப் பார்த்தேன். ஆறு.

"கடைசி வண்டியில கீழ ஸ்டாண்டுல ஒன்பது பேர். நீங்க எட்டு எழுதினீங்க."

எட்டு. என் காது சூடேறியது. நான் கூட்டலில் பிசகலாம், ஆளை விட்டிருக்க மாட்டேன் என்று திடமாக நம்பியிருந்தேன்.

"யாருக்கா விட்டுப்போச்சு?" என்றார் முனைவர்.

"நான்."

அப்போதுதான் எனக்கு உறைத்தது. திங்கட்கிழமை அவர் உட்கார்ந்தது எண்ணுபவரின் பெஞ்சில். நாக்கில் டிக், கையில் விரல். என் கண்ணுக்கு அவர் பயணியாகவே தெரியவில்லை, அலுவலகமாகத் தெரிந்தார். செவ்வாயன்று முன்னால் அனுப்பிய பிறகுதான் பயணியானார். செவ்வாய் முதல் சனி வரை பத்து நடையிலும் அவருக்குக் கோடு இருந்தது. திங்களன்று இல்லை.

"நீங்க நம்ம நிலையத்து ஆளாச்சே" என்றார் தலைவர்.

"அதுக்கு முந்தின வாரம் நிலையத்து ஆள் சார். போன வாரம் லீவு. லீவு எழுதிக் கொடுத்தது இவரோட பதிவேட்டுல இருக்கு. டிக்கெட் இங்க இருக்கு." கைக்கடிகாரத்தின் வாருக்கடியிலிருந்து சுருட்டிய டிக்கெட்டுகளை எடுத்து, ஒவ்வொன்றாக நீவி மேஜைமேல் வைத்தார். பன்னிரண்டு. மேலே இருந்த இரண்டில் திங்கட்கிழமைத் தேதி.

"அன்னிக்கே ஏன் சொல்லலை?"

"சொன்னா நான் எண்ணினதா ஆயிடும். எண்ணுறது சார் வேலை. பாதியில போய் ஒருத்தர் கையைப் பிடிக்கக் கூடாது."

"இப்ப மட்டும்?"

இத்தனை வருடத்தில் ஒரு கேள்விக்கு அக்கா யோசித்து நான் கண்டது அப்போதுதான்.

"இப்ப எண்ணி முடிச்சாச்சு. இனிமே நான் பயணிதானே? விட்டுப்போன பயணி வந்து கேக்கலாம்ல சார்?" என் பக்கம் திரும்பினார். குரல் கொஞ்சம் இறங்கியது. "என்னையும் எண்ணுங்க சார்."

லீவுப் பதிவேட்டைக் கொண்டுவந்து விரித்தேன். டிக்கெட் எண்களைக் கண்டக்டரின் அன்றைய சீட்டோடு தொலைபேசியில் ஒத்துப்பார்த்தோம். சரியாக இருந்தது. என் முப்பத்தெட்டு வருடப் பணியில் சிவப்பு மையால் நான் திருத்தியவை ஏழே ஏழு. அது ஆறாவது. 959-ஐ ஒரே கோட்டால் அடித்து, பக்கத்தில் 961 என்று எழுதி, கையெழுத்துப் போட்டு, மணி 10.50 என்று குறித்தேன். சராசரி 20.02.

தலைவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு அந்த எண்ணை உற்றுப் பார்த்தார். "இருபதுக்கு மேலதான்" என்று சொல்லி, தொழிற்சாலைத் தடத்துக்கான காகிதத்தை இழுப்பறைக்குள் தள்ளினார். முனைவர் எழுந்துபோய் அக்காவைக் கட்டிக்கொண்டார். "விடுங்க டாக்டர், ஹெல்மெட் இடிக்குது" என்றார் அக்கா. அது உண்மைதான், முனைவர் அதை இன்னும் கையில் மாட்டியிருந்தார்.

நான்காம் எண் பேருந்தின் அந்த 212-ம் 341-ம் முனைவரின் அறிக்கையில் பின்னிணைப்பாக வந்தன. அடுத்த வருடம் அச்சான படிவத்தில் ஒரு புது வரி சேர்ந்தது: 'எண்ணுபவர் வழக்கமாக இதே வண்டியில் வருபவரா?' அதற்கு 'ஆம்' என்றால் வேறு ஆள் போவார். வழக்கமாக வருபவர் டிக்கெட் வாங்கி முன்னால் உட்காருவார்.

மேட்டுக் குடியிருப்பில் இந்தக் கதை வேறு மாதிரி ஓடுகிறது. அங்கே வண்டியைக் காப்பாற்றியவர் நாத்தனார். "நான் அன்னிக்கு முப்பத்தொரு பேரை ஏத்தலைன்னா மறுபடி எண்ணியிருப்பாங்களா? சொல்லு!" என்று எல்லோரையும் கேட்பார். விதி 14-இன்படி பார்த்தால் அதை மறுக்க என்னாலும் முடியவில்லை. அக்காவிடம் சொன்னால், "முப்பத்தொண்ணுல அவங்களே மூணு தடவை சார்" என்பார்.

அதற்குப் பிறகு நாலு வருடம் கழித்து அக்கா விருப்ப ஓய்வு பெற்றார். நான் அதற்கு முந்தைய வருடமே ஓய்வு பெற்றுவிட்டேன். ஆனாலும் பொருள்களைத் திரும்பப் பெறும் பதிவை நான்தான் எழுத வேண்டும் என்று என்னை வரவழைத்திருந்தார். நாற்காலி ஒன்று, குடை ஒன்று, அட்டை ஒன்று. கடைசியாக நாலாவது கருவி. எண் பூஜ்யத்தில் வைத்துத்தான் திருப்பித் தர வேண்டும், அது விதி. நான் வாங்கிப் பார்த்தேன். சின்னக் கண்ணாடிக்குள் 0001.

"அக்கா, இது என்ன? ஒண்ணு நிக்குது?"

"இன்னிக்குக் காலையில பதினேழுல ஏறினேன்ல சார்" என்றார்.